படிப்பும் போனில், கவனச்சிதறலும் போனில்: டிஎன்பிஎஸ்சி படிப்பவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

டிஎன்பிஎஸ்சி எனப்படும் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் குரூப் 4, குரூப் 2 தேர்வுகளுக்கு வீட்டிலிருந்தோ நூலகத்திலிருந்தோ தயாராகிறவர்கள் பாடத்தில் கேட்கும் சந்தேகங்களைவிட, உட்கார்ந்து படிக்க முடியாதது பற்றிக் கேட்பவைதான் அதிகம். அவற்றில் திரும்பத் திரும்ப வருபவை இங்கே தொகுக்கப்பட்டுள்ளன. கேட்டவர்களின் பேச்சு அப்படியே இருக்கிறது.

படிக்கிறதே போன்லதான். அப்புறம் எப்படி போனைத் தள்ளி வைக்கிறது?

போனில் நடக்கும் வேலையை இரண்டாகப் பிரியுங்கள். பாடத்தைச் சேகரிப்பது ஒன்று, படிப்பது இன்னொன்று. சேகரிக்க நெட் வேண்டும், படிக்க வேண்டியதில்லை. மாலையில் அரை மணி நேரம் ஒதுக்கி, மறுநாள் பார்க்க வேண்டிய பிடிஎஃப், வகுப்பு வீடியோ, பழைய வினாத்தாள் மூன்றையும் இறக்கி ஒரே ஃபோல்டரில் போட்டு வையுங்கள். காலையில் ஃப்ளைட் மோடை ஆன் செய்துவிட்டு அந்த ஃபோல்டரை மட்டும் திறங்கள். சேகரிப்பையும் படிப்பையும் ஒரே நேரத்தில் செய்கிறவர்கள்தான், நாள் முழுக்கப் போனோடு இருந்தும் ஒரு பாடம்கூட முடியாமல் எழுகிறார்கள்.

அடிக்கடி புரட்டும் புத்தகங்கள் காகிதத்தில் இருப்பது நல்லது. 6 முதல் 12 வரையுள்ள பள்ளிப் பாடநூல்கள் தமிழ்நாடு பாடநூல் கழகத்தின் இணையதளத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. எல்லாவற்றையும் பிரிண்ட் எடுத்தால் செலவு தாங்காது. தமிழ், வரலாறு, இந்திய அரசியலமைப்பு மூன்றுக்கும் அக்கம்பக்கத்தில் பள்ளி முடித்த பிள்ளைகளின் பழைய புத்தகங்களைக் கேட்டு வாங்குங்கள். கிடைக்காத பாடங்களை மட்டும் ஜெராக்ஸ் எடுத்து ஸ்பைரல் போட்டுக்கொண்டால் போதும்.

நோட்டிஃபிகேஷன் எல்லாம் ஆஃப் பண்ணிட்டேன். ஆனாலும் கை தானா போனை எடுக்குதே, ஏன்?

சத்தம் நின்றாலும் பழக்கம் நிற்பதில்லை. போனைத் திறந்தால் சில சமயம் சுவாரசியமாக ஏதாவது இருக்கும், பல சமயம் ஒன்றும் இருக்காது. எப்போது இருக்கும் என்று தெரியாததால்தான் கை மறுபடி மறுபடி அங்கே போகிறது. எதிர்பாராத இடைவெளியில் கிடைக்கும் பரிசுதான் ஒரு செயலை விடாமல் செய்ய வைக்கிறது என்று உளவியலாளர் ஸ்கின்னர் விலங்குகளை வைத்துச் செய்த சோதனைகளில் பல பத்தாண்டுகளுக்கு முன்பே காட்டினார். முடிவே இல்லாமல் கீழே போய்க்கொண்டிருக்கும் ஸ்க்ரோல் பக்கங்களும் இதே இடத்தில்தான் பிடிக்கின்றன. பக்கம் முடிந்தால் போனைக் கீழே வைக்கலாம், ஆனால் அது முடிவதே இல்லை.

அதனால் உங்கள் மனவுறுதியைக் குறை சொல்லிப் பயனில்லை. போன் இருக்கும் இடத்தை மாற்றுங்கள். அமெரிக்காவில் 2017-இல் வெளியான ஓர் ஆய்வில் போனை மேசை மேல், பையில், வேறு அறையில் என்று மூன்று விதமாக வைக்கச் சொல்லி நினைவாற்றல் சோதனை கொடுத்தார்கள். வேறு அறையில் வைத்தவர்களே நன்றாகச் செய்தார்கள். பிறகு மற்றவர்கள் செய்த சோதனைகளில் இதே முடிவு எல்லா முறையும் வரவில்லை. ஆனாலும் நடைமுறையில் ஒன்று நிச்சயம்: எழுந்து நடந்துபோய் எடுக்க வேண்டிய போனை யாரும் தன்னை அறியாமல் எடுப்பதில்லை. எழுந்திருக்கும்போதே தெரிந்துவிடும். பீரோவுக்கு மேல், அடுக்களை அலமாரி, அம்மாவின் கைப்பை என்று எங்கே வேண்டுமானாலும் வையுங்கள். தலையணைக்கு அடியில் மட்டும் வேண்டாம்.

படிக்கும்போது சந்தேகம் வந்தா உடனே கூகுள் பண்ணாம எப்படி இருக்கிறது?

சோழர் ஆட்சிமுறை படித்துக்கொண்டிருக்கிறீர்கள். உத்திரமேரூர் கல்வெட்டு எந்த மன்னர் காலத்தது என்று சந்தேகம். போனை எடுக்கிறீர்கள். முதலாம் பராந்தகன் காலம், 919, 921 என்று பத்து விநாடியில் விடை வந்துவிடுகிறது. அதற்குக் கீழே குடவோலை முறை பற்றி ஒரு வீடியோ, அதற்குப் பக்கத்தில் ஒரு கோயில் வீடியோ, பிறகு ஒரு ஷார்ட்ஸ். இருபது நிமிடம் கழித்துப் புத்தகத்துக்குத் திரும்பினால் எந்தப் பத்தியில் விட்டோம் என்பதே மறந்திருக்கும். நல்ல சந்தேகம்தான், கேட்ட நேரம்தான் தவறு.

ஒரு வேலையிலிருந்து இன்னொன்றுக்கு மாறினால் பழைய வேலையின் மிச்சம் மனதில் ஒட்டிக்கொண்டிருக்கும், அதனால் புதிய வேலை மந்தப்படும் என்று சோஃபி லெராய் 2009-இல் எழுதிய ஆய்வுக்கட்டுரை சொல்கிறது. இதற்கு வழி ஒரு வெள்ளைத்தாள். புத்தகத்துக்குப் பக்கத்தில் வைத்து, வரும் சந்தேகங்களை ஒவ்வொரு வரியாக எழுதுங்கள். ‘அம்மாவுக்கு மாத்திரை வாங்கணும்’, ‘கரண்ட் பில்’ போன்றவையும் அதே தாளில் போகட்டும். எழுதி வைத்துவிட்டால் மறந்துவிடுவோமோ என்ற பதற்றம் அடங்கும். மாலை அரை மணி நேரத்தில் எல்லாவற்றையும் ஒன்றாகத் தேடுங்கள். பாதி சந்தேகங்களுக்கு அடுத்த பக்கத்திலேயே விடை இருந்திருக்கும்.

யூடியூப்ல கிளாஸ் பார்க்கப் போனா வேற எங்கயோ போயிடுறேன்.

படிப்புக்கென்று தனி கூகுள் கணக்கு ஒன்றை உருவாக்கி, யூடியூப் செயலியில் அதற்கு மாறிக்கொள்ளுங்கள். அந்தக் கணக்கின் அமைப்புகளில் பார்வை வரலாற்றை ஆஃப் செய்யுங்கள். பழைய வரலாறு இல்லாத கணக்கில் இதைச் செய்தால் முகப்புப் பக்கம் ஏறக்குறைய வெறுமையாகிவிடும். நீங்கள் சப்ஸ்கிரைப் செய்த சேனல்களும் சேமித்த பிளேலிஸ்ட்டும் மட்டும் இருக்கும். ஆட்டோபிளேயையும் நிறுத்துங்கள். ஷார்ட்ஸ் பட்டன் மட்டும் கீழே இருந்துகொண்டே இருக்கும், அதை எடுக்க முடியாது. அதனால்தான் வீடியோவை முந்தைய மாலையே இறக்கிவைத்து நெட் இல்லாமல் பார்ப்பது எல்லாவற்றையும்விடப் பாதுகாப்பானது.

இதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று உண்டு. வகுப்பு வீடியோவை முழுக்கப் பார்த்துவிட்டால் படித்துவிட்டதாக ஓர் உணர்வு வரும். ஆசிரியர் தெளிவாகச் சொல்லும்போது எல்லாம் தெரிந்ததுபோலத்தான் இருக்கும். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை நிறுத்தி, திரையைக் கவிழ்த்துவிட்டு, இதுவரை சொன்னதில் ஐந்து விஷயங்களை எழுதிப் பாருங்கள். மூன்று வரவில்லை என்றால் பின்னால் போய்க் கேளுங்கள். ஒரு மணி நேர வகுப்பு ஒன்றரை மணி நேரம் ஆகும், ஆகட்டும். 2x வேகத்தில் ஓட்டிவிட்டு ‘நாலு கிளாஸ் முடிச்சேன்’ என்று கணக்கு எழுதுவதில் பலன் இல்லை.

ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம் படிச்சா பாஸ் ஆகலாம்?

மணிக்கணக்கு தவறான அளவுகோல். பன்னிரண்டு மணி நேரம் என்று சொல்கிறவரின் நேரத்தில் போனோடு கலந்தது எவ்வளவு என்று அவருக்கே தெரியாது. புத்தகத்தை மூடிவிட்டு எவ்வளவு எழுத முடிகிறது என்பதை அளவாக வைத்துக்கொள்ளுங்கள். ரோடிகர், கார்பிக் என்ற இரு ஆய்வாளர்கள் 2006-இல் மாணவர்களுக்கு ஒரு பாடத்தைக் கொடுத்தார்கள். ஒரு பிரிவினர் அதை மறுபடி வாசித்தார்கள். இன்னொரு பிரிவினர் பார்க்காமல் நினைவிலிருந்து எழுதினார்கள். ஐந்து நிமிடம் கழித்துச் சோதித்தபோது மறுபடி வாசித்தவர்கள் முன்னால் இருந்தார்கள். ஒரு வாரம் கழித்துச் சோதித்தபோது நினைவிலிருந்து எழுதியவர்களுக்கு 56 சதவீதமும் மறுபடி வாசித்தவர்களுக்கு 42 சதவீதமும் நினைவில் இருந்தது. தேர்வு ஐந்து நிமிடத்தில் வருவதில்லையே.

ஐம்பது நிமிடப் பகுதி ஒன்றை இப்படிப் பிரிக்கலாம்: முப்பது நிமிடம் வாசிப்பு, பதினைந்து நிமிடம் மூடிய புத்தகத்தோடு எழுதுவது, ஐந்து நிமிடம் சரிபார்த்துச் சிவப்பு மையில் திருத்துவது. இப்படி ஒரு நாளில் நான்கு பகுதி உண்மையாக நடந்தாலே அது நல்ல நாள். அந்தத் தாள்களைத் தேதி போட்டு வரிசையாகக் கோத்து வையுங்கள், பின்னால் தேவைப்படும்.

25 நிமிஷம் படிச்சு 5 நிமிஷம் பிரேக் எடுக்கிற பொமோடோரோ முறை சரியா?

தொடங்குவதற்குச் சரி. 1980-களின் இறுதியில் ஃபிரான்செஸ்கோ சிரிலோ என்ற இத்தாலிய மாணவர் தக்காளி வடிவச் சமையலறைக் கடிகாரத்தை வைத்து உருவாக்கிய முறை இது. அவர் வைத்தது சமையலறைக் கடிகாரம் என்பதைக் கவனியுங்கள். போனில் டைமர் வைத்தால், டைமரை நிறுத்தப்போன கையே வாட்ஸ்அப்பையும் திறந்துவிடும். சுவர்க்கடிகாரம் போதும். அந்த ஐந்து நிமிட இடைவேளையிலும் போன் வேண்டாம். தண்ணீர் குடிப்பது, மொட்டைமாடிக்குப் போய்வருவது, துணி மடிப்பது எல்லாம் தானாக முடிந்துவிடும் வேலைகள். ரீல்ஸ் தானாக முடியாது.

ஆனால் 25 நிமிடத்திலேயே நின்றுவிடாதீர்கள். தேர்வு மூன்று மணி நேரம், இடைவேளை கிடையாது. இரண்டு வாரம் 25, அடுத்த மூன்று வாரம் 50, பிறகு நாளுக்கு ஒருமுறையாவது 90 நிமிடம் என்று ஏற்றிக்கொண்டு போங்கள். கணக்குக்கு 25 நிமிடப் பகுதிகள் எப்போதுமே பொருந்தும். இலக்கணமும் வரலாறும் நீண்ட அமர்வில்தான் படியும்.

டெலிகிராம் குரூப்ல இல்லைன்னா முக்கியமான அப்டேட் மிஸ் ஆயிடுமே?

ஆகாது. தேர்வாணையம் ஆண்டுத் திட்ட அட்டவணையை முன்கூட்டியே வெளியிடுகிறது. அறிவிக்கை வந்த பிறகும் விண்ணப்பிக்க நாட்கள் இருக்கும். வாரத்தில் இரண்டு நாள், ஞாயிறும் புதனும் என்று வைத்துக்கொண்டு தேர்வாணையத்தின் இணையதளத்தை நேராகப் பாருங்கள். பத்து நிமிட வேலை. குரூப்பில் வரும் ‘உறுதியான தகவல்’ பெரும்பாலும் அங்கிருந்து எடுத்ததாக இருக்கும், அல்லது உறுதியற்றதாக இருக்கும்.

தயாராகிறவர்களின் நேரத்தை அதிகம் தின்பது சினிமா வீடியோ இல்லை, படிப்பு வேடம் போட்ட விஷயங்கள்தான். கட்-ஆஃப் எவ்வளவு வரும் என்ற விவாதம், விடைக்குறிப்பு சர்ச்சை, ‘இந்த முறை காலியிடம் கூடுமா’ என்ற ஊகம், திறக்கவே போகாத நானூறு பிடிஎஃப். சினிமா பார்த்தால் குற்ற உணர்வாவது வரும், இவற்றில் அதுவும் வராது. ஒரு குரூப்பை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவற்றிலிருந்து வெளியேறுங்கள். வெளியேறத் தயக்கமாக இருந்தால் வாட்ஸ்அப்பில் ‘எப்போதும்’ என்று மியூட் செய்து ஆர்கைவில் போடுங்கள். டெலிகிராமில் தானாகக் கோப்பு இறங்குவதை நிறுத்திவிடுங்கள்.

நடப்பு நிகழ்வுகளுக்காவது தினமும் போன் பார்க்கணும்ல?

காகிதச் செய்தித்தாள் அரை மணி நேரம், மாதம் ஒரு தொகுப்பு. இந்த இரண்டுக்கு மேல் தினசரி வீடியோ தேவையில்லை.

மோட்டிவேஷன் வீடியோ பார்த்தாதான் உட்கார முடியுது.

அதைப் பார்த்த பிறகு எத்தனை முறை உடனே உட்கார்ந்தீர்கள், எத்தனை முறை அடுத்த வீடியோ போனது என்று ஒரு வாரம் குறித்துப் பாருங்கள். உட்கார வைக்க எளிய வழி, முந்தைய இரவே மேசையில் புத்தகத்தை அந்தப் பக்கத்தில் திறந்து, பேனாவையும் வெள்ளைத்தாளையும் வைத்துவிட்டுத் தூங்குவது. எங்கே தொடங்குவது என்று காலையில் முடிவெடுக்க வேண்டியிருந்தால், அந்த இடைவெளியில்தான் போன் உள்ளே வருகிறது.

வீட்ல ஒரே ரூம், டிவி சத்தம் வேற. எங்க போய்ப் படிக்கிறது?

சென்னை கோட்டூர்புரத்தில் அண்ணா நூற்றாண்டு நூலகம், மதுரையில் 2023-இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் இரண்டிலும் சொந்தப் புத்தகம் கொண்டுபோய்ப் படிக்கத் தனிப் பகுதி உண்டு. பல நகராட்சிகளில் ‘நூலகம் மற்றும் அறிவுசார் மையம்’ என்ற பெயரில் போட்டித்தேர்வர்களுக்காகவே கட்டடங்கள் வந்திருக்கின்றன. உங்கள் ஊரில் இருக்கிறதா என்று நகராட்சி அலுவலகத்தில் கேளுங்கள். நூலகத்துக்குப் போயும் வைஃபை போட்டுக்கொண்டு உட்கார்ந்தால் பயனில்லை, முதல் பதிலில் சொன்ன ஃபோல்டர் முறை அங்கேயும் வேண்டும்.

வெளியே போக முடியாத இல்லத்தரசிகள், கைக்குழந்தை உள்ளவர்கள் விடியற்காலை ஒன்றரை மணி நேரத்தைக் காப்பாற்றிக்கொண்டாலே போதும். பகலில் 25 நிமிடப் பகுதிகளாக வரும் நேரத்தில், இடையில் விட்டாலும் கெடாத வேலைகளை வையுங்கள்: கணக்கு, சொற்பொருள், பழைய வினா. ‘ஆறு மணி வரைக்கும் கூப்பிடாதீங்க’ என்று வீட்டில் வாய்விட்டுச் சொல்லுங்கள். சொல்லாமல் எதிர்பார்த்தால் வருத்தம்தான் மிஞ்சும்.

வேலைக்குப் போய்க்கிட்டே படிக்கிறேன். ஆபீஸ்ல கூப்பிடுவாங்க, வீட்ல வயசானவங்க இருக்காங்க. போனை எப்படி ஆஃப் பண்றது?

ஆஃப் செய்ய வேண்டாம். ஆண்ட்ராய்டில் ‘தொந்தரவு செய்யாதே’ அமைப்பில், நட்சத்திரமிட்ட எண்களின் அழைப்பு மட்டும் ஒலிக்கும்படி வைக்கலாம். வீடும் மேலதிகாரியும் மட்டும் அதில் இருக்கட்டும். ஒரே எண் 15 நிமிடத்துக்குள் இரண்டாம் முறை அழைத்தால் ஒலிக்கும் வசதியும் அங்கேயே இருக்கிறது, அதை ஆன் செய்யுங்கள். ‘அவசரம்னா மெசேஜ் போடாதீங்க, கூப்பிடுங்க’ என்று இரு தரப்பிலும் சொல்லிவிட்டால் வாட்ஸ்அப்பைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியதில்லை. போன் வேறு அறையில் இருந்தாலும் மணி கேட்கும்.

சிலர் சிம்மைப் பட்டன் போனுக்கு மாற்றுகிறார்கள். அழைப்பும் ஓடிபியும் அதில் வரும், நல்ல வழிதான். ஒன்றை முன்கூட்டித் தெரிந்துகொள்ளுங்கள்: யுபிஐ செயலிகள் சிம் அதே போனில் இருக்கிறதா என்று சரிபார்க்கும். சிம்மை எடுத்தால் பணம் அனுப்பும் செயலி மறுபதிவு கேட்கலாம். இந்தத் தொல்லையில்தான் பலர் மூன்றாம் நாளே பழைய போனுக்குத் திரும்புகிறார்கள். முடிந்தால் பட்டன் போனுக்குத் தனி எண் வாங்கி, அதை வேண்டியவர்களுக்கு மட்டும் கொடுங்கள்.

ஆப் லாக், டைமர் எல்லாம் போட்டுப் பார்த்துட்டேன். நானே எடுத்துடுறேன்.

பூட்டும் சாவியும் ஒரே கையில் இருந்தால் அப்படித்தான் ஆகும். டைமர் முடிந்ததும் ‘இன்னும் சிறிது நேரம்’ என்று தொட ஒரு விநாடி போதும். செயலியை நீக்குவது, அதற்கும் மேலாகக் கணக்கிலிருந்து வெளியேறி, நினைவில் நிற்காத நீண்ட கடவுச்சொல்லை வைத்து, அது எழுதிய தாளைத் தங்கையிடம் கொடுப்பது. இவை வேலை செய்கின்றன, ஏனென்றால் திரும்பப் போக இன்னொருவரிடம் கேட்க வேண்டும். இன்ஸ்டாகிராமை முழுக்க விட முடியாதவர்கள் ஞாயிறு மாலை மட்டும் பிரவுசர் வழியாகப் பார்க்கலாம். மெதுவாக, சிரமமாக இருக்கும். அந்தச் சிரமம்தான் வேண்டும்.

மாதிரித் தேர்வை போன்லயே எழுதலாமா?

தலைப்புவாரியான சிறு வினாக்களுக்குப் பரவாயில்லை. முழுத் தேர்வுக்குக் கூடாது. குரூப் 4-இல் 200 வினா, மூன்று மணி நேரம், அதாவது ஒரு வினாவுக்கு 54 விநாடி. அதற்குள் படித்து, யோசித்து, ஓஎம்ஆர் தாளில், அதாவது இயந்திரம் திருத்தும் விடைத்தாளில், வட்டத்தைக் கருமையாக்க வேண்டும். போனில் தொட்டுப் பழகியவர்களுக்கு வட்டம் நிரப்பும் நேரம் கணக்கிலேயே இருக்காது. மாதிரி ஓஎம்ஆர் தாள் ஜெராக்ஸ் கடைகளில் கிடைக்கும். ஞாயிறு காலை 9:30-க்கு உட்கார்ந்து 12:30-க்கு எழுங்கள்.

திருத்தும்போது மதிப்பெண்ணை மட்டும் பார்க்காதீர்கள். தவறான விடைகளின் வினா எண்களைப் பத்துப் பத்தாகப் பிரித்து எண்ணுங்கள். தெரிந்த பாடத்திலேயே 120 முதல் 160 வரையுள்ள வினாக்களில் தவறுகள் குவிந்திருந்தால், பாடம் தெரியாத குறை அது இல்லை. ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் கவனம் நிற்கவில்லை என்று அர்த்தம். அதற்கு இன்னொரு புத்தகம் வாங்கித் தீர்வு வராது, 90 நிமிட அமர்வுகளைக் கூட்ட வேண்டும்.

பத்து நாள் நல்லா போகும். ஒரு நாள் விட்டா மொத்தமா போயிடுது.

விட்ட நாளுக்கு மறுநாள் பெரும்பாலோர் புது டைம்டேபிள் போட உட்காருகிறார்கள். அதிலேயே அரை நாள் போகும், அதில் பழைய கடனும் சேர்ந்து தாங்க முடியாத அட்டவணை ஒன்று வரும். பழைய அட்டவணையையே வைத்துக்கொள்ளுங்கள், விட்டதை விட்டுவிடுங்கள். காய்ச்சல், கல்யாணம், ஊர்த்திருவிழா போன்ற நாட்களுக்கென்று முன்கூட்டியே ஒரு குறைந்தபட்சம் வையுங்கள்: ஒரே ஒரு 25 நிமிடம், அதுவும் பழைய தாள் ஒன்றை மூடிவைத்து எழுதிப் பார்ப்பது. புதுப்பாடம் வேண்டாம்.

ரெண்டு வருஷமா இதுலயே இருக்கேன். இது உண்மையிலேயே உருப்படியான வேலையா, இல்ல நேரத்தை ஓட்டுறேனா?

இதை இரவில் குரூப்பில் கேட்காதீர்கள், உங்கள் தாள்களிடம் கேளுங்கள். தேதி போட்டுக் கோத்து வைக்கச் சொன்ன மூடிய புத்தகத் தாள்களில் கடைசி நான்கு வாரத்தையும் அதற்கு மூன்று மாதம் முந்தைய நான்கு வாரத்தையும் எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். சிவப்பு மை குறைந்திருக்கிறதா? மாதிரித் தேர்வில் தவறுகள் வேறு இடத்துக்கு நகர்ந்திருக்கின்றனவா? நகர்ந்திருந்தால் வேலை நடந்திருக்கிறது, தேர்வு முடிவு எப்படி வந்திருந்தாலும். தாள்களே இல்லை என்றால், இரண்டு வருடம் படித்ததாக நினைத்தது பெரும்பாலும் சேகரித்தது மட்டும்தான். அப்படியானால் முயற்சியைக் கைவிடும் முன் மூன்று மாதம் முறையாகச் செய்து பார்த்துவிட்டு முடிவெடுப்பது நியாயம்.

இன்னொன்றும் செய்யலாம். கிராம நிர்வாக அலுவலர், இளநிலை உதவியாளர், தட்டச்சர் என்று எந்தப் பதவிக்கு எழுதுகிறீர்களோ, அந்த வேலையில் இருக்கிறவரை ஒரு நாள் நேரில் பாருங்கள். பட்டா மாறுதலுக்கு வந்து நிற்கும் பெரியவருக்கு அவர் என்ன பதில் சொல்கிறார், என்ன பதிவேட்டைத் திறக்கிறார் என்று கவனியுங்கள். அந்த நாற்காலியில் உட்கார உங்களுக்கு விருப்பம் இருக்கிறதா என்பது அங்கே தெரியும். விருப்பம் இருந்தால் பகுதி நேர வேலை ஒன்றையும் சேர்த்துக்கொண்டு இன்னொரு முறை எழுதலாம். வீட்டில் பணம் கேட்கும் கூச்சம் குறைந்தாலே படிப்பில் மனம் நிற்கும். விருப்பம் இல்லை என்று தெரிந்தால், கடைசி முயற்சி எது என்பதைத் தேர்வு முடிவு வருவதற்கு முன்பே தேதியோடு எழுதி, வீட்டில் ஒருவரிடம் சொல்லிவிடுங்கள்.